புடவை மூட்டையுடன் மலை ஏறியவர்
தோட்டத் தொழிலாளரின் தோழர் கோ. நடேசய்யர் வாழ்க்கை

தோளில் ஒரு புடவை மூட்டை. வாயில் வியாபாரப் பேச்சு. இலங்கையின் தேயிலை மலை ஒன்றில் ஒருவர் ஏறிக்கொண்டிருந்தார்.

அந்தக் காலத்தில் தேயிலைத் தோட்டத்துக்குள் வெளியார் நுழைவது எளிதல்ல. தோட்டம் வெள்ளைக்காரத் துரையின் சொத்து. அவர் அனுமதி இல்லாமல் உள்ளே கால் வைத்தால் வழக்கு வரும். ஆனால், துணி விற்கப் போகிறவனை யாரும் சந்தேகிப்பதில்லை.

தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்கு அந்த வியாபாரி போனார். மூட்டையை அவிழ்த்தார். பெண்கள் கூடினார்கள். விலை பேசுவது போலவே அவர்களுடைய கூலி, கடன், வீடு, நோய் எல்லாவற்றையும் விசாரித்தார். கேட்டதை மனதில் குறித்துக்கொண்டார்.

அவர் உண்மையில் புடவை வியாபாரி அல்ல. தஞ்சைச் சீமையைச் சேர்ந்த பத்திரிகைக்காரர். தொழிலாளரின் நிலையை நேரில் அறிவதற்காக அவர் போட்ட வேடம் அது என்று அவர் வாழ்க்கை வரலாறு கூறுகிறது.

அவர் பெயர் கோதண்டராம நடேசய்யர். மலைநாட்டுத் தமிழர்கள் அவரைக் கோ. நடேசய்யர் என்று இன்றும் நினைக்கிறார்கள்.

கீரனூரும் கண்டிச் சீமையும்

அந்த மலையில் புடவை பார்க்கக் கூடிய பெண்கள் யார்? எங்கிருந்து வந்தவர்கள்?

அவர்கள் நம் ஊர்ப் பெண்கள்!

திருச்சியிலிருந்து புதுக்கோட்டைக்குப் போகும் வழியில் கீரனூர் இருக்கிறது. குளத்தூர் தாலுகாவின் தலைமை ஊர். சுற்றிலும் வானம் பார்த்த பூமி. மழை பெய்தால் கண்மாய் நிறையும். கண்மாய் நிறைந்தால் நெல் விளையும். மழை பொய்த்தால் அடுப்பு எரியாது.

1876 முதல் 1878 வரை தென்னாட்டைப் பெரும் பஞ்சம் வாட்டியது. தாது வருஷப் பஞ்சம் என்று பெரியவர்கள் சொல்வார்கள். புதுக்கோட்டைச் சீமையும் அதில் தப்பவில்லை.

பஞ்சம் வந்த ஊருக்குப் பின்னாலேயே கங்காணி வருவான். கங்காணி என்பவன் தோட்டத்துக்கு ஆள் பிடித்துக் கொடுக்கும் தலைவன். அவனும் அதே சீமையைச் சேர்ந்தவன்தான். அவன் முன்பணம் கொடுப்பான். கண்டிச் சீமையில் வேலை நிறைய உண்டு என்பான். பசியில் இருப்பவன் வேறு என்ன கேட்பான்?

திருச்சி, புதுக்கோட்டை, தஞ்சை, சேலம், மதுரை, இராமநாதபுரம் ஆகிய சீமைகளிலிருந்து குடும்பம் குடும்பமாக மக்கள் போனார்கள். தொடக்க காலத்தில் கடற்கரை வரை நடந்தே போனார்கள். தோணியில் கடலைக் கடந்தார்கள். மன்னார் கரையில் இறங்கி மறுபடியும் காட்டு வழியே மலை வரை நடந்தார்கள். காலராவும் காய்ச்சலும் பசியும் வழியிலேயே பலரைக் கொன்றன.

முதலில் காப்பித் தோட்டம். 1869இல் காப்பிச் செடியில் ஒரு பூசண நோய் பரவியது. சில ஆண்டுகளில் காப்பி அழிந்தது. அதன் பிறகு மலையெங்கும் தேயிலை வந்தது.

1904இல் இலங்கைத் தோட்ட முதலாளிகள் ஆள் சேர்ப்பதற்காகத் திருச்சியிலேயே ஒரு பெரிய அலுவலகம் திறந்தார்கள். கீரனூர்க்காரனுக்குக் கண்டி தூரமாக இருக்கலாம். கண்டிக்கு ஆள் எடுக்கும் அலுவலகம் பக்கத்திலேயே வந்துவிட்டது!

துண்டு என்னும் சங்கிலி

தோட்டத்துக்குப் போனவன் முதல் நாளே கடன்காரன். வழிச்செலவு, அரிசி, கம்பளி எல்லாம் அவன் கணக்கில் ஏறியிருக்கும். கங்காணிக்கோ அவன் கீழ் வேலைக்கு வரும் ஒவ்வொரு ஆளுக்கும் தலைக்காசு கிடைக்கும்.

தொழிலாளி ஒரு தோட்டத்தை விட்டு வேறு தோட்டம் போக விரும்பினால் துண்டு வேண்டும். துண்டு என்பது ஒரு சீட்டு. அவன் எவ்வளவு கடன் பட்டிருக்கிறான் என்று அதில் எழுதியிருக்கும். அந்தக் கடனைப் புதிய துரை கட்டினால்தான் அவனுக்கு விடுதலை. புதிய இடத்தில் அதே கடன் அவன் கழுத்தில் மறுபடியும் விழும்.

கையில் விலங்கு இல்லை. காலில் சங்கிலி இல்லை. ஒரு துண்டுக் காகிதம் அந்த வேலையைச் செய்தது!

விடியும் முன் தப்பு முழங்கும். எல்லாரும் பிரட்டுக்களத்தில் கூட வேண்டும். அங்கே அன்றைய வேலை பிரித்துக் கொடுப்பார்கள். பெண்கள் கூடையைத் தலையில் மாட்டிக்கொண்டு கொழுந்து பறிக்கப் போவார்கள். கொழுந்து எடை குறைந்தால் அன்று அரைப் பேர்தான். அதாவது, பாதிக் கூலிதான்.

மாலையில் திரும்பினால் லயத்து அறை. பத்தடி அகலம், பன்னிரண்டடி நீளம். அதற்குள் ஒரு குடும்பம். சில சமயம் இரண்டு குடும்பம்.

இதையெல்லாம் புடவை வியாபாரி பார்த்தார். பார்த்தவர் சும்மா இருக்கவில்லை.

தஞ்சையிலிருந்து கொழும்புக்கு

நடேசய்யர் 1887இல் தஞ்சை மாவட்டத்தில் பிறந்தார். தந்தை பெயர் கோதண்டராமய்யர்.

இளமையிலேயே அவருக்கு எழுத்தில் ஆசை. வியாபாரிகளுக்காக 'வர்த்தக மித்திரன்' என்ற பத்திரிகையைத் தஞ்சையில் நடத்தினார். தொழிலும் வியாபாரமும் வளர்ந்தால்தான் நாடு வளரும் என்பது அவர் எண்ணம்.

1915இல் அவர் முதன்முறையாக இலங்கை போனார். கொழும்பில் இருந்த இந்திய வியாபாரிகளைப் பார்ப்பதுதான் நோக்கம். போன இடத்தில் தோட்டத் தொழிலாளரின் துன்பம் அவர் காதில் விழுந்தது. அந்தத் துன்பம் அவரை விடவில்லை.

1920இல் கொழும்பிலேயே குடியேறினார்.

சொந்த ஊரில் கௌரவமாக வாழ்ந்திருக்கலாம். யாரும் அவரைக் கூப்பிடவில்லை. யாரும் அவருக்குச் சம்பளம் தரவில்லை. ஆனாலும் போனார். பசிக்காகக் கடல் கடந்தவர்கள் பல லட்சம் பேர். அவர்களுக்காகக் கடல் கடந்தவர் நடேசய்யர்.

பேனாவே ஆயுதம்

1921இல் 'தேசநேசன்' என்ற தமிழ் நாளேடு கொழும்பில் பிறந்தது. அதன் பின்னால் நடேசய்யர் இருந்தார். 1924இல் 'தேசபக்தன்' தொடங்கினார். ஆங்கிலத்திலும் பத்திரிகைகள் நடத்தினார். துரைமார் தமிழ் படிக்க மாட்டார்கள் அல்லவா? அவர்களுக்கும் புரிய வேண்டுமே!

தோட்டங்களில் கண்டதை எழுதினார். தொழிலாளி வாங்கும் கூலியை எழுதினார். அவன் தலையில் ஏறும் கடனை எழுதினார். தோட்டத்தில் துரை வைத்ததே சட்டம் என்று எடுத்துக் காட்டினார்.

தோட்டத்தில் எழுதப் படிக்கத் தெரிந்தவர் மிகக் குறைவு. ஒருவர் படிப்பார். பத்துப் பேர் கேட்பார்கள். தம்மைப் பற்றி ஒரு பத்திரிகை எழுதுகிறது என்பதே அவர்களுக்கு அதிசயமாக இருந்தது.

1921இல் துண்டு முறை சட்டத்தால் ஒழிந்தது. இந்தியாவிலும் இலங்கையிலும் பலர் செய்த கிளர்ச்சியின் பலன் அது. சீட்டு ஒழிந்தது. கடன் ஒழியவில்லை. அந்த வேலை நடேசய்யருக்குக் காத்திருந்தது.

சட்டசபையில் ஒரு குரல்

1925இல் நடேசய்யர் இலங்கைச் சட்ட நிரூபண சபையின் உறுப்பினர் ஆனார்.

அப்போது சொத்தும் படிப்பும் உள்ளவர்களுக்கு மட்டுமே வாக்கு. தேயிலை பறிக்கும் பெண்ணுக்கு வாக்கு இல்லை. வாக்கு இல்லாத அந்தப் பெண்ணுக்காகவே நடேசய்யர் சபையில் பேசினார்.

1927இல் இந்தியத் தொழிலாளருக்குக் குறைந்தபட்சக் கூலிச் சட்டம் வந்தது. இதற்கு இந்திய அரசாங்கத்தின் வற்புறுத்தலும் ஒரு காரணம். சட்டப்படி 1929இல் கூலி நிர்ணயம் ஆனது.

மலை உயர்ந்த பகுதியில் ஆணுக்கு ஒரு நாளைக்கு 54 சதம். பெண்ணுக்கு 43 சதம். பிள்ளைக்கு 32 சதம். நூறு சதம் சேர்ந்தால்தான் ஒரு ரூபாய்.

ஆணும் பெண்ணும் ஒரே மலையில்தான் ஏறினார்கள். ஒரே மழையில்தான் நனைந்தார்கள். கூலியில் மட்டும் வித்தியாசம்! ஆனாலும், இதற்குக் கீழே கொடுக்கக் கூடாது என்று ஒரு கோடு முதன்முதலாகக் கிழிக்கப்பட்டது.

நண்பர் பிரிந்தார்

அந்த நாளில் கொழும்பில் ஏ. ஈ. குணசிங்கா என்ற சிங்களத் தலைவர் தொழிலாளர் சங்கம் நடத்தினார். நடேசய்யர் அவருடன் சேர்ந்தார். சங்கத்தின் உப தலைவராகவும் இருந்தார். சிங்களத் தொழிலாளியும் தமிழ்த் தொழிலாளியும் ஒரே கொடியின் கீழ் நின்றார்கள்.

அந்த ஒற்றுமை நீடிக்கவில்லை. வேலை குறைந்தது. இந்தியாவிலிருந்து வந்தவர்கள் நம் வேலையைப் பறிக்கிறார்கள் என்ற பேச்சுக் கிளம்பியது. குணசிங்காவும் அந்தப் பக்கம் சாய்ந்தார். 1928இல் நடேசய்யர் விலகினார்.

அது அவர் மனதை வாட்டியது. ஆனால், ஒரு பாடமும் கற்பித்தது. தோட்டத் தொழிலாளிக்குத் தோட்டத்திலேயே ஒரு சங்கம் வேண்டும் என்று அவர் முடிவு செய்தார்.

அட்டனில் எழுந்த சங்கம்

மலைநாட்டின் நடுவில் இருக்கும் நகரம் அட்டன். 1931இல் அங்கே அகில இலங்கை இந்தியத் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை நடேசய்யர் நிறுவினார். தோட்டத் தொழிலாளருக்காக ஏற்பட்ட முதல் சங்கம் இதுவே.

கொழும்பை விட்டுக் குடும்பத்தோடு அட்டனுக்கே வந்துவிட்டார்.

கூட்டம் போட்டால் ஆயிரக்கணக்கில் மக்கள் வந்தார்கள். பல மைல் நடந்து வந்தார்கள். துரையின் கோபத்துக்கு அஞ்சாமல் வந்தார்கள். கங்காணியின் முன்னால் தலை நிமிராதவர்கள் அந்தக் கூட்டத்தில் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

அப்போது உலகமெங்கும் பொருளாதார மந்தம். தேயிலை விலை சரிந்தது. முதலாளிகள் கூலியைக் குறைத்தார்கள். வேலை இழந்த பல்லாயிரம் பேர் இந்தியாவுக்குத் திரும்பினார்கள். நடேசய்யர் கூலிக் குறைப்பை எதிர்த்துப் போராடினார். ஆனால், சங்கத்தில் சந்தா கட்டக்கூடத் தொழிலாளியிடம் காசு இல்லை. சம்மேளனம் தளர்ந்தது.

அவர் தளரவில்லை. தொழிலாளருக்குச் சட்டம் தெரிய வேண்டும் என்று எளிய தமிழில் புத்தகம் எழுதினார். அவர்கள் வாழ்க்கையை நாடகமாக எழுதி 1937இல் வெளியிட்டார். அதற்கு அவர் வைத்த பெயர் 'தொழிலாளர் அந்தரப் பிழைப்பு'. அந்தரத்தில் தொங்கும் பிழைப்பு! அந்தப் பெயரே பாதிக் கதையைச் சொல்லிவிடும்.

பாடி அழைத்த மீனாட்சி அம்மாள்

நடேசய்யரின் வரலாற்றை அவர் மனைவி மீனாட்சி அம்மாளை விட்டுச் சொல்ல முடியாது.

குடும்பப் பெண்கள் மேடை ஏறாத காலம் அது. மீனாட்சி அம்மாள் கணவருடன் மலை மலையாகப் போனார். கூட்டம் தொடங்கும் முன் பாடுவார். தொழிலாளருக்குப் பழகிய மெட்டு. பொருள் மட்டும் புதிது. கூலியைப் பற்றிய பாட்டு. உரிமையைப் பற்றிய பாட்டு.

பேச்சு புரியாதவருக்கும் பாட்டு புரிந்தது. கூட்டத்தில் கேட்ட பாட்டைப் பெண்கள் கொழுந்து பறிக்கும்போது முணுமுணுத்தார்கள். 1940இல் அவர் பாடல்கள் சிறு நூலாக வந்தன. பத்திரிகை வேலையிலும் அவர் கணவருக்குத் துணை நின்றார்.

ஊரை மறக்காத மக்கள்

பாட்டுக்கு அவ்வளவு வலிமை எப்படி வந்தது? அந்த மக்களிடம் வேறு சொத்து இல்லை!

நிலத்தை எடுத்துக்கொண்டு கடலைக் கடக்க முடியாது. கோயிலைப் பெயர்த்துக்கொண்டு போக முடியாது. அவர்கள் கொண்டு போனது தெய்வத்தின் பெயர், ஊரின் பெயர், கதை, பாட்டு, கூத்து. இவ்வளவுதான்.

மலைக்குப் போனதும் மாரியம்மனுக்குக் கோயில் எழுப்பினார்கள். மாசி மாதம் காமன் கூத்து ஆடினார்கள். காமனைச் சிவன் எரித்த கதை அது. அருச்சுனன் தபசு நடத்தினார்கள். பொன்னர் சங்கர் கதையைக் கூத்தாக ஆடினார்கள்.

பொன்னர் சங்கருக்குக் கோயில் இருப்பது மணப்பாறைக்குப் பக்கத்தில் உள்ள வீரப்பூரில். கீரனூர்ப் பக்கத்து மக்களுக்குப் பழக்கமான கதை. அந்தக் கதை கடல் கடந்து, மலை ஏறி, பனியில் நின்று ஆடியது. தலைமுறைகள் கடந்தும் அந்தக் கூத்துகள் மலைநாட்டில் அழியவில்லை.

தாத்தா எந்த ஊர், என்ன குலதெய்வம் என்று பிள்ளைகளுக்குச் சொல்லி வளர்த்தார்கள். இந்தக் குடும்ப நினைவைத்தான் நடேசய்யரும் மீனாட்சி அம்மாளும் தொட்டார்கள். நீங்கள் வெறும் கூலிகள் அல்ல, பேரும் ஊரும் உள்ள மக்கள் என்று நினைவூட்டினார்கள்.

கடைசிப் போராட்டம்

1931 முதல் இலங்கையில் 21 வயது வந்த ஆணுக்கும் பெண்ணுக்கும் வாக்குரிமை கிடைத்தது. இந்தியத் தொழிலாளருக்கு மட்டும் சில நிபந்தனைகள் இருந்தன. ஆனாலும் தோட்டத்தில் பலருக்கு வாக்கு வந்தது. 1936 தேர்தலில் அட்டன் தொகுதி மக்கள் நடேசய்யரை அரசாங்க சபைக்கு அனுப்பினார்கள். முன்பு வாக்கு இல்லாமல் அவர் பேச்சைக் கேட்டவர்கள் இப்போது அவருக்கே வாக்களித்தார்கள். 1947 வரை அவர் அந்தச் சபையில் இருந்தார்.

அவர் பிடிவாதக்காரர். பிறருடன் இணைந்து போவது அவருக்கு எளிதாக வரவில்லை. 1939 ஜூலை மாதம் ஜவாஹர்லால் நேரு இலங்கைக்கு வந்தார். அவர் முயற்சியால் இலங்கை இந்தியர் காங்கிரஸ் தோன்றியது. நடேசய்யர் அதனுடன் ஒத்துப்போகவில்லை. இளைய தலைவர்கள் எழுந்தார்கள். புதிய சங்கங்கள் வளர்ந்தன. முதன்முதலில் பாதை வெட்டியவர் மெல்ல மெல்லத் தனியானார்.

1947இல் இலங்கையின் முதல் பாராளுமன்றத் தேர்தல் நடந்தது. இலங்கை இந்தியர் காங்கிரஸைச் சேர்ந்த ஏழு பேர் வென்றார்கள். அந்தப் பாராளுமன்றத்தில் நடேசய்யருக்கு இடம் இல்லை.

அதே ஆண்டு நவம்பர் 7ஆம் தேதி அவர் காலமானார்.

அவர் காணாத துயரம்

நல்ல வேளை, அவர் அடுத்த ஆண்டைப் பார்க்கவில்லை என்று சொல்லத் தோன்றுகிறது.

1948 பிப்ரவரி 4இல் இலங்கை விடுதலை அடைந்தது. அதே ஆண்டு ஒரு குடியுரிமைச் சட்டம் வந்தது. தாமும் தகப்பனும் இலங்கையில் பிறந்ததற்கு அத்தாட்சி காட்டச் சொன்னது. லயத்து அறையில் பிறந்தவனுக்கு அத்தாட்சி எங்கே கிடைக்கும்? சுமார் ஏழு லட்சம் மக்கள் நாடற்றவர் ஆனார்கள். 1949இல் வாக்குரிமையும் போயிற்று.

நடேசய்யர் சபைக்குப் போகக் காரணமாக இருந்த அந்த வாக்கு, அவர் மறைந்து இரண்டு ஆண்டுக்குள் பறிபோனது!

1964 அக்டோபர் 30இல் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் ஓர் ஒப்பந்தம் செய்தார்கள். 5,25,000 பேரை இந்தியா ஏற்க வேண்டும். 3,00,000 பேரை இலங்கை ஏற்க வேண்டும். மீதி 1,50,000 பேரை இரு நாடுகளும் பாதிப் பாதியாக ஏற்பது என்று 1974இல் முடிவாயிற்று.

கணக்கு சரியாக இருந்தது. குடும்பம் சரியாக இல்லை. அண்ணன் இந்தியப் பிரஜை, தம்பி இலங்கைப் பிரஜை என்று வீடுகள் பிரிந்தன. ரயில் நிலையத்தில் அழுகை ஓயவில்லை. மலையில் பிறந்து மலையில் வளர்ந்தவர்கள் தாத்தாவின் ஊரைத் தேடித் தமிழ்நாட்டில் வந்து இறங்கினார்கள்.

இத்தகைய துயரம் வேறு நாடுகளிலும் உண்டு. கனடாவின் கிழக்குக் கரையில் அக்காடியர் என்று பிரெஞ்சு பேசும் உழவர்கள் வாழ்ந்தார்கள். 1755இல் ஆங்கிலேயர் அவர்களைக் கப்பலில் ஏற்றி நாடு கடத்தத் தொடங்கினார்கள். குடும்பங்கள் சிதறின. சிலர் பிறகு அமெரிக்காவின் லூயிசியானாவில் குடியேறினார்கள். ஆனாலும் அவர்கள் பாட்டையும் குடும்பப் பெயரையும் விடவில்லை. அவர்கள் பட்ட துன்பத்தை 2003இல் பிரிட்டிஷ் அரசியின் பெயரால் கனடா ஒப்புக்கொண்டது.

அதே 2003ஆம் ஆண்டில் இலங்கைப் பாராளுமன்றம் ஒரு சட்டம் இயற்றியது. அங்கே நாடற்று இருந்த இந்திய வம்சாவளித் தமிழருக்குக் குடியுரிமை கிடைத்தது. பறிபோனது திரும்பி வர 55 ஆண்டுகள் ஆயின.

மூட்டையில் இருந்தது என்ன?

நடேசய்யர் பெரிய மாளிகை கட்டவில்லை. அவர் தொடங்கிய சங்கம் பிழைக்கவில்லை. அவர் நடத்திய பத்திரிகைகளும் நின்றுவிட்டன.

ஆனால், அவருக்குப் பின் மலைநாட்டில் எழுந்த சங்கங்கள் எல்லாம் அவர் வெட்டிய பாதையில்தான் நடந்தன. துரையைக் கண்டால் ஒதுங்கி நின்ற தொழிலாளி கேள்வி கேட்கக் கற்றது அவர் காலத்தில்தான்.

இன்று மலைநாட்டில் நாலாவது, ஐந்தாவது தலைமுறை வாழ்கிறது. கீரனூரிலும் சுற்றியுள்ள சீமையிலும் பஞ்சத்தில் பிரிந்த உறவுகள் எத்தனையோ. சில குடும்பங்களில் கடிதப் போக்குவரத்து நின்று வெகு காலம் ஆகிவிட்டது. ஆனாலும் தாத்தாவின் பெயரும் ஊரின் பெயரும் தெரிந்தால் போதும். அறுந்த நூலை மறுபடியும் முடியலாம்.

வீட்டில் வயதானவர்கள் இருந்தால் கண்டிச் சீமைக்குப் போனவர்கள் யார் யார் என்று கேட்டு எழுதி வைப்பது நல்லது. நடேசய்யர் அன்று லயத்தில் உட்கார்ந்து செய்ததும் அதுதான்.

அவர் மூட்டையில் புடவை இருந்தது. திரும்பி வரும்போது அதில் ஒரு மக்கள் கூட்டத்தின் கதை இருந்தது.